சின்னப்பாப்பா எதிர் சர்க்கார்

மரக்காணம் உப்பளத்துல உப்பு வாருற சின்னப்பாப்பாவுக்கு அம்பது வயசு தாண்டிருச்சு. பேரு மட்டும் இன்னும் வளரல. "பாப்பா பால் குடிச்சாச்சா?"ன்னு அவங்க வாசல்ல கத்திட்டு ஓடுறது தெருப் பசங்க எங்க வேலை. துடைப்பத்தோட துரத்துவாங்க. மாட்டினா அடி கிடையாது, சுட்ட கருவாடுதான்.

அப்பேர்ப்பட்ட சின்னப்பாப்பா சர்க்கார் மேலயே கேஸ் போட்டாங்க. சுனாமியில எங்க கிணறெல்லாம் உப்பாயிடுச்சு. மனு குடுத்துக் குடுத்து அலுத்துப்போய், ஒரு வக்கீலைப் புடிச்சு ஐகோர்ட்டுக்குப் போயிட்டாங்க. குடிக்கத் தண்ணி குடுக்கணும்னு கோர்ட்டு உத்தரவு போட்டுச்சு. ஆபீசருங்க தெருமுனையில போர் போட்டு, குழாய் வச்சு, 'உத்தரவை நிறைவேத்திட்டோம்'னு எழுதிக் குடுத்துட்டாங்க. திறந்தா உப்புத்தண்ணி! சின்னப்பாப்பா விடல. கோர்ட்டை அவமதிச்சுட்டாங்கன்னு மறுபடியும் கேஸ்.

நேர்ல பாத்துட்டு வரச்சொல்லி ஜட்ஜு ஒரு வக்கீலம்மாவை அனுப்பினாரு. அது 2006 தை மாசம். அந்தம்மா 'வருது'ன்னு எழுதிட்டா கேஸ் அவ்வளவுதான்.

குழாய்கிட்ட நின்னு கூட்டத்தைக் கேட்டாங்க: "தண்ணி வருதா?"

"வருதுங்க!"

"ரெண்டு வேளையும் வருதுங்க"ன்னு தங்கராசு மாமா வேற.

ஆபீசர் மூஞ்சி பூரி மாதிரி உப்பிடுச்சு. வக்கீலம்மா எழுத ஆரம்பிச்சாங்க. உப்பளத்து ஜனங்களுக்குத் தண்ணின்னா உப்புப் பாத்தியில பாயுறது. குடிக்கிறதுக்குப் பேரு நல்ல தண்ணி. கேட்டதுக்குப் பதில் சொல்றாங்க, பாவிங்க!

ஓரமா நின்ன சின்னப்பாப்பா முன்னால வந்தாங்க. "யம்மா, நல்ல தண்ணி வருதான்னு கேளுங்க."

கேட்டாங்க.

"அது எங்கங்க வருது! மெயின் ரோடு தாண்டிப் போயில்ல குடம் தூக்குறோம்!"

"பாருங்க மேடம், பேச்சை மாத்துறாங்க"ன்னு ஆபீசர் குதிச்சாரு.

"பேச்சை மாத்தல சார். நீங்க தண்ணியை மாத்துங்க"ன்னாங்க சின்னப்பாப்பா.

வக்கீலம்மா குழாயில புடிச்சு ஒரு வாய் குடிச்சாங்க. ரெண்டாவது வாய் குடிக்கல. எழுதினதை அடிச்சாங்க.

அடுத்த மாசம் சென்னைக்கு நானும் துணைக்குப் போனேன். கோர்ட்டுல "சின்னப்பாப்பா!"ன்னு கூப்பிட்டதும் எல்லாரும் குழந்தை எங்கேன்னு தேடினாங்க. எங்க ஊருக்கு வந்தா ஜீப்பை விட்டு இறங்காத ஆபீசர் அங்கே கைகட்டி நின்னாரு.

ஜட்ஜு சத்தமே போடல. "இந்தக் கேஸை நான் மூடப் போறதில்லை. நல்ல தண்ணி வருதுன்னு சின்னப்பாப்பாவே வந்து சொல்லட்டும்"னாரு.

எவ்வளவு பெரிய கட்டடம், எவ்வளவு பெரிய சர்க்கார்! ரெண்டும் உப்புல வெடிச்ச காலோட நிக்கிற ஒரு பொம்பளையோட வார்த்தைக்குக் காத்துக்கிட்டிருக்கு. அன்னைக்கு பஸ்ல வரும்போது அவங்களைக் கிண்டல் பண்ண எனக்கு வாயே வரல.

பங்குனியில, உப்பு ஏறாத மேற்கால இருந்து பைப் வந்துச்சு. ஆபீசரே தேடி வந்தாரு.

"சின்னப்பாப்பா அம்மா, நல்ல தண்ணி வந்துடுச்சு. ஒரு எட்டு கோர்ட்டுக்கு வந்து சொல்லிடுங்களேன்."

ஒரு செம்பு புடிச்சு முழுசாக் குடிச்சாங்க. முந்தானையில வாயைத் துடைச்சாங்க.

"நல்லாத்தான் இருக்குது சார். கத்திரி வெயில் முடியட்டும். அப்பவும் வந்துச்சுன்னா சொல்றேன்."

கத்திரி முடியுற வரைக்கும், தினம் விடிஞ்சதும் ஆபீஸ்ல இருந்து ஒரு ஆள் வந்து, குழாயைத் திறந்து, குடிச்சுப் பாத்துட்டுப் போனான்.