அமெரிக்கப் பள்ளிக்கூடப் புத்தகங்களுக்குப் பூசை வைத்த நாள்

1. மேசையைத் தொடாதே

இத்தாலியில், பலேர்மோ நகரத்தில் பல வீடுகளில் வேலை செய்திருக்கிறேன். முதல் நாள் எல்லா வீட்டிலும் ஒன்றுதான்: இதைத் துடை, அதைக் கழுவு. அமெரிக்கச் சிஞ்ஞோரா மட்டும், "இந்த மேசையைத் தொடாதை, மங்களம். தூசி இருந்தால் இருக்கட்டும்" என்று தொடங்கினார். தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது.

துறைமுகம் தெரிகிற மூன்றாம் மாடி வீடு. சாப்பாட்டு மேசை நிறையப் பழைய புத்தகங்கள், எல்லாம் திறந்தபடி. அமெரிக்காவில் அந்தக் காலத்தில் பிள்ளைகளுக்கு என்ன படிப்பித்தார்கள், எப்படிப் படிப்பித்தார்கள் என்று அவர் ஒரு பெரிய புத்தகம் எழுதிக்கொண்டிருந்தார். அதைப் பலேர்மோவில் இருந்து ஏன் எழுதுகிறார் என்று கேட்க எனக்கு ஆசை. கேட்கவில்லை. நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். வெட்கம் வேறு. யார் எதைக் கேட்டாலும் "சி, சிஞ்ஞோரா" என்பேன். அது 'ஓம், அம்மா' என்று அர்த்தம்.

நான் உடுப்பு அயர்ண் பண்ணும்போது, எழுதியதை இத்தாலியனில் சொல்லிக் காட்டுவார். "உனக்கு விளங்கினால்தான் சரி" என்பார். பாதி விளங்கும். ஒரே அறையில் பால்குடி மறந்த பிள்ளையும் மீசை முளைத்தவனும் சேர்ந்து படித்தார்களாம். டீச்சருக்குத் தனி வீடு கிடையாதாம். ஒவ்வொரு கிழமையும் ஒவ்வொரு பிள்ளையின் வீட்டில் சாப்பாடும் படுக்கையுமாம். இதை நான்காம் மாடியில் வேலை செய்த மன்னார்ப் பிலோமினாவிடம் சொன்னேன்.

"உங்களை மாதிரித்தான் அக்கா. திங்கள் ஒரு வீடு, செவ்வாய் ஒரு வீடு. உங்களுக்கும் ஒரு பிரம்பு தந்தால் சரி" என்றாள்.

2. வெள்ளைத் துணி

மூன்றாம் வருசம் சரஸ்வதி பூசை அன்று சிஞ்ஞோரா பக்கத்து ஊரான பகேரியாவில் சிநேகிதி வீட்டில் நின்றார். மறுநாள் காலை வந்து, என் வேலைக் கடிதத்தில் கையெழுத்துப் போடுவதாகச் சொல்லியிருந்தார். அதைக் குவெஸ்தூரா என்கிற பொலிஸ் கந்தோரில் கொடுத்தால்தான் என் பெர்மெஸோவை, அந்த நாட்டில் இருக்கிற அனுமதியை, புதுப்பிப்பார்கள். இல்லாவிட்டால் நான் பெட்டி கட்டவேண்டியதுதான்.

வீட்டைக் கூட்டிவிட்டு நிமிர்ந்தேன். அத்தனை புத்தகமும் வாயைப் பிளந்துகொண்டு கிடந்தன. பூசை நாளில் புத்தகத்தை மூடி வைக்கவேண்டும். ஒரு வரி வாசிக்கக்கூடாது. இவ்வளவு புத்தகம் இருக்கிற வீட்டில் மூன்று வருசமாக ஒரு பூ இல்லை என்று மனம் கேட்கவில்லை. எல்லாவற்றையும் மூடி அடுக்கினேன். மேலே இருந்த பச்சை அட்டைப் புத்தகத்துக்குச் சந்தனம் வைத்தேன். புது வெள்ளைப் படுக்கை விரிப்பால் மூடிக் கட்டிப் பூப்போட்டேன். குட்டி விளக்கு ஏற்றிக் கும்பிட்டு, தீப்பிடிக்காமல் அதை நூர்த்துவிட்டு, அவித்த கடலையை முன்னால் வைத்து வந்தேன்.

3. பிரேதமோ?

மறுநாள் விஜயதசமி, பிள்ளைகளுக்கு ஏடு தொடக்குகிற நாள். பூசையை முடித்துவைக்க ஒரு பையில் பச்சரிசியோடு போனேன். வாசலில் காவல் இருக்கிற கிழவி என்னைக் கண்டதும் சிலுவை போட்டாள். "மேலை போகாதை. உன்ர சிஞ்ஞோராவுக்கு ஆரோ சூனியம் வைச்சிட்டினம்."

சிஞ்ஞோரா முதல் ரயிலிலேயே வந்துவிட்டார். மூட்டைக்கு எட்டத்தில் கதிரை போட்டு இருந்தார். மொழிபெயர்க்க என்று பிலோமினாவையும் கூப்பிட்டிருந்தார்.

"அக்கா, என்ன வேலை பாத்தியள்? இது புத்தகமோ பிரேதமோ? ஆர் செத்தது எண்டு கேக்கிறா."

"பூசையெண்டு சொல்லு பிள்ளை."

"நான் மாதாவைக் கும்பிடுறவள். சரஸ்வதியைப் பற்றி நான் என்னெண்டு சொல்லுறது? நீங்களே வாயைத் திறவுங்கோ!"

சிஞ்ஞோரா எழும்பினார். "திறந்து வைச்ச பக்கமெல்லாம் எனக்கு வேணும். மத்தியானத்துக்குள்ளை ஒரு அத்தியாயம் அமெரிக்காவுக்கு ஃபாக்ஸிலை போகவேணும். எல்லாத்தையும் மூடிப்போட்டாய். இனி எங்கை தேடுறது?"

கையெழுத்துப் போடாத என் கடிதம் சன்னலடியில் கிடந்தது. நான் மூட்டையின் முடிச்சை அவிழ்த்தேன்.

"பக்கம் எனக்குத் தெரியும்" என்றேன். என் குரல்தானா என்று பிலோமினா திரும்பிப் பார்த்தாள்.

எனக்கு அந்த எழுத்துகள் தெரியாது. ஆனால் அவர் இல்லாத நேரம் ஒவ்வொரு பக்கத்தையும் தொடாமல் ஊதி ஊதித் தூசி தட்டியவள் நான். இதில் அடுப்புப் படம், இதில் கோப்பிக் கறை, இதில் தொப்பி போட்ட டீச்சர். ஒன்றொன்றாகத் திறந்து வைத்தேன். கடைசியாகப் பச்சைப் புத்தகம். நீளமான மேசை, அதிலே மணல், சின்னப் பிள்ளைகள் வரிசையாக விரலால் எழுதுகிறார்கள்.

"இதை மட்டும் ஒரே தரத்திலை எடுத்தாய். எப்பிடி?" என்றார் சிஞ்ஞோரா.

"இது நாங்களும் செய்யிறது" என்று சொல்லி, தட்டில் அரிசியைப் பரப்பினேன். அவர் விரலைப் பிடித்து 'அ' எழுதினேன்.

அவர் அந்த எழுத்தையும் படத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு பிலோமினாவிடம் படபடவென்று பேசினார். பிலோமினா கண்ணை அகல விரித்தாள்.

"அக்கா, நியூயோர்க்கிலை ஏழைப் பிள்ளையளுக்கு இப்பிடித்தானாம் படிப்பிச்சது. பெரிய பிள்ளை சின்னப் பிள்ளைக்குச் சொல்லிக்குடுக்கிறது, மணல்லை எழுதுறது. ஒரு வெள்ளைக்காரப் பாதிரியார் மெட்ராஸிலை கண்டிட்டுப்போய் இங்கிலாந்திலை சொன்னவராம். அங்கையிருந்துதான் அமெரிக்காவுக்குப் போச்சாம். இவ அதைப் பற்றி எத்தினையோ பக்கம் எழுதிப்போட்டாவாம், ஒருநாளும் விரலை வைச்சுப் பாக்கேல்லையாம்!"

சிஞ்ஞோரா அமெரிக்காவுக்குப் போன் எடுத்தார். விரலால் எழுதிப் பார்த்ததையும் சேர்க்கவேண்டும், அத்தியாயம் ஒரு கிழமை பிந்தும் என்றார். பிறகு கடலையைச் சாப்பிட்டுக்கொண்டே என் கடிதத்தில் கையெழுத்துப் போட்டார். பச்சை அட்டையைத் தொட்ட கைதானே, தாளில் ஒரு சந்தன விரல் அடையாளம். குவெஸ்தூராவில் இருந்தவர் அதை மணந்து பார்த்துவிட்டு முத்திரை குத்தினார்.

4. கேட்டுச் செய்தல்

வீட்டு வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு நான் சொல்வது: பிறர் மேசையில் நல்லது செய்யப்போனாலும் கேட்டுச் செய்யுங்கள். வெட்கம் வேலையைக் காப்பாற்றாது. நான் அடுத்த வருசத்திலிருந்து, பூசை நாளில் ஒரு வரியும் வாசிக்கக்கூடாது என்பதையும் சொல்லிவிட்டுத்தான் கேட்டேன்.

சிஞ்ஞோராவும் கேட்கப் பழகிவிட்டார். மார்ச் மாதம், பூசைக்கு இன்னும் அரை வருசம் இருக்க, எழுத்து ஓடாத ஒரு நாள், அத்தியாயம் கேட்டு அமெரிக்காவிலிருந்து போன் விடாமல் அடித்துக்கொண்டிருந்தது. அவர் மடித்த வெள்ளை விரிப்போடு, நான் சமைத்துக்கொண்டிருந்த குசினி வாசலில் வந்து நின்றார்.

"மங்களம், இண்டைக்குப் பூசை இல்லையோ?"

அந்த வீட்டில் நான் முதன்முதலாக 'நோ' சொன்னது அன்றைக்குத்தான்.