மாமனாரின் மூச்சு

புதுப் படத்தில் மாமனாருக்கு வேறு யாரோ குரல் கொடுத்திருக்கிறார்களாம். ஒலிப்பதிவுக் கூடத்து லிஃப்ட்காரர் சொன்னதாக முடிவெட்டுகிறவர் சொன்னார், அதுவும் பின்கழுத்தில் கத்தியை வைத்துக்கொண்டு.

"காதுல விழுந்ததுதான் சார். கண்ணால பாக்கல."

"குரலைக் கண்ணால எப்படிப்பா பாப்பே? கழுத்தைப் பாத்துச் செய்."

முப்பத்தெட்டு வருடங்களில் திரையில் எத்தனை கதாநாயகிகளைப் பெற்றார் என்று அவருக்கே கணக்கில்லை. தெருவே மாமனார் என்றுதான் கூப்பிடும். சொந்த மருமகன் மட்டும் சார் என்பான். கோட்டை மாட்டினால் பணக்கார அப்பா. கழற்றினால் ஏழை அப்பா. மூக்குக்கண்ணாடியைத் துடைத்தால் கல்யாணத்துக்குச் சம்மதித்துவிட்ட அப்பா. அதற்குமேல் யாரும் கேட்டதில்லை, கேட்டதில் அவர் குறை வைத்ததுமில்லை. பேருந்தில் முன்பின் தெரியாத பெண்கள் எழுந்து இடம் கொடுப்பார்கள்.

போன வருடம் வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. மாதக்கணக்கில் பயிற்சி செய்து பேச்சைத் திரும்பக் கொண்டுவந்தார். சில எழுத்துகள் மட்டும் இன்னும் வழுக்கின. அப்படியும் மூன்று காட்சி நடித்து, ஒலிப்பதிவுக் கண்ணாடி அறைக்குள் இரண்டு நாள் நின்று தன் வசனத்தைத் தானே பேசிக் கொடுத்தார். "பிரமாதம் சார்" என்றார் இயக்குநர். அந்தப் பிரமாதத்தை நம்பித்தான் ஆறு மாதமாக நிம்மதியாக இருந்தார்.

வீட்டுக்கு வந்து ஒலிப்பதிவாளரை அழைத்தார். இருவரும் சேர்ந்து தொழிலுக்கு வந்தவர்கள்.

"நிஜமா?"

ஒரு இருமல். "டைரக்டரே சொல்லிக்கிறேன்னாருப்பா. நடுவுல நான் எதுக்குன்னு..."

"யாரு பேசினது?"

"புதுப் பையன். உன்னை அப்படியே உரிச்சு வெச்சிருக்கான். நீ கூப்பிட்டுடுவியோன்னு நடுங்கிட்டிருக்கான் பாவம்."

"நம்பர் குடு."

மனைவி காய் நறுக்குவதை நிறுத்தினாள். "டைரக்டர்கிட்ட கேக்கத் தைரியமில்ல, சின்னப் பையன்கிட்ட சண்டையா?"

"சண்டை இல்லடி. நானும் அந்தக் கண்ணாடி ரூம் வழியா வந்தவன்தானே."

இருபத்துநாலு வயதில் அவருக்குக் கிடைத்த முதல் வேலை, தொண்டை கட்டிப்போன ஒரு பெரிய நடிகருக்குக் குரல் கொடுப்பது. அந்த நடிகருக்குத் தெரியாமல்தான். தெரிந்ததும் அவர், இவர் தங்கியிருந்த விடுதிக்கு மூன்று நாள் போன் செய்தார். மூன்று நாளும் இவர் மாடிப்படியில் நின்றபடி, "நான் இல்லன்னு சொல்லிடுங்க" என்று கையை ஆட்டினார். திட்டத்தான் கூப்பிடுகிறார் என்று நினைத்திருந்தார். நாலாம் நாள் போன் வரவில்லை. அந்த நடிகர் அதன்பிறகு எந்தப் படத்திலும் வரவுமில்லை.

"கடைசி சீன்ல பொண்ணை அனுப்பிட்டுப் படியில ஏறுவேன்," என்றார் மனைவியிடம். "பாதியில நின்னு மூச்சு வாங்குவேன். அது வசனத்துல இல்ல. நிஜமாவே முடியல. அதையாவது விட்டு வெச்சானா, இல்ல அதுலயும் அவன் மூச்சானு கேக்கணும்."

மனைவி அடுப்பைச் சின்னதாக்கினாள்.

எண்ணை அழுத்தினார். மணி போய்க்கொண்டிருந்தது. ஐந்து, ஆறு.

"எடுக்கலையா?"

"போனை எதிர்லதான் வெச்சுக்கிட்டு உக்காந்திருப்பான்," என்றார். நாற்காலியை இழுத்து உட்கார்ந்து, போனை மறு காதுக்கு மாற்றிக்கொண்டார். இன்னும் அடித்துக்கொண்டிருந்தது.