அரைக்கம்பத்தில் நின்ற நீலக் கொடி

கிரீஸும் உப்பும் ரசகற்பூரமும் கலந்த ஒரு வாசனை எங்கள் வீட்டு அலமாரியின் கீழ்த்தட்டிலிருந்து வரும். அதைத் திறந்தால் அம்மாவுக்குத் தும்மல், எனக்குச் சந்தோஷம். கப்பலில் பழசாகிக் கழித்துப்போட்ட சைகைக் கொடிகளை அப்பா அங்கேதான் மூட்டையாகக் கட்டி வைத்திருந்தார். பாகூர் ஏரித் தண்ணீரில் நெல்லும் கரும்பும் போடுகிற குடும்பத்தில் பிறந்து, வயலுக்குப் போகச் சொன்னால் தலைவலி என்று படுத்துக்கொண்டவர், எப்படியோ சரக்குக் கப்பலில் டெக் வேலைக்குப் போய்ச் சேர்ந்தார். ஒன்பது மாதம் கடலில் இருப்பார், மூன்று மாதம் வீட்டில் இருப்பார். அந்த மூன்று மாதமும் வீட்டைக் கப்பலாகவே நடத்துவார்.

மொட்டைமாடியில் நீளமான மூங்கில் ஒன்றை நட்டு, உச்சியில் சின்னதாக ஒரு கப்பி மாட்டி, நைலான் கயிறு கோத்து, நாளுக்கொரு கொடி ஏற்றுவார். ஊரில் எங்களுக்குக் "கொடிக்காரவூடு" என்றே பேர் விழுந்துவிட்டது. ரேடியோ வராத காலத்தில், ஒருவர் பாஷை ஒருவருக்குத் தெரியாத கேப்டன்கள் நடுக்கடலில் பேசிக்கொண்டது இந்தத் துணிகளால்தான் என்பார். காலராவோ அம்மையோ கண்ட கப்பலில் முன்பெல்லாம் மஞ்சள் கொடி ஏறுமாம், பார்த்தவர்கள் விலகிப் போய்விடுவார்களாம். இப்போது அதே மஞ்சளுக்கு, எங்கள் கப்பலில் எல்லாரும் நலம், துறைமுகத்துக்குள் விடுங்கள் என்று அர்த்தமாம். "நம்மூர்ல அம்மை போட்டா வேப்பிலை சொருவுறோம், அவனுங்க துணி கட்றானுங்க, அவ்ளோதான்" என்று அம்மா ஒரே வரியில் முடித்துவிடுவாள். கப்பலின் முதலாளி ஒரு நாடு, வேலை செய்கிறவர்கள் நாலு நாடு, பின்பக்கம் பறப்பதோ அவர்களில் ஒருத்தரும் மிதித்தே பார்க்காத பனாமா நாட்டுக் கொடி என்று அப்பா சொன்னபோது மட்டும் அவள் அடுப்படியிலிருந்து எழுந்து வந்து, "பொண்ணு ஒரு வூடு, சீர் ஒரு வூடுன்னு கல்யாணம் பண்ற மாரி கீது" என்றாள்.

சிவப்பும் மஞ்சளும் மூலைக்கு மூலை பிரிந்த கொடிக்கு, ஆள் கடலில் விழுந்துவிட்டான் என்று அர்த்தம். ஒருமுறை நான் வீட்டுக்குப் பின்னாலிருந்த பம்புசெட் தொட்டியில் விழுந்தபோது, அப்பா என்னைத் தூக்குவதற்கு முன்னால் மாடிக்கு ஓடி அந்தக் கொடியை ஏற்றினார். தூக்கியது அம்மாதான். முதலில் தகவல், பிறகு மீட்பு, அதுதான் முறை என்று அவர் வாதாடினார். அன்று ராத்திரி அவருக்குச் சோறு மட்டும் கிடைத்தது, குழம்பு கிடைக்கவில்லை.

தேர்தல் சமயத்தில் இரண்டு கட்சிக்காரர்களும் வந்து, மாடியில் பறப்பது எந்தக் கட்சி, கூட்டணி யாரோடு என்று விசாரித்துவிட்டுப் போவார்கள். எங்கள் பக்கத்தில் கொடி என்றால் ஒன்று கட்சி, இன்னொன்று சாவு. பெரிய தலைவர் யாராவது போய்விட்டால் பள்ளிக்கூடக் கம்பத்தில் கொடி பாதியில் நிற்கும், எங்களுக்கு லீவு விடுவார்கள். ஆகவே அரைக்கம்பம் என்றால் என்ன என்று மட்டும் ஊரில் கைக்குழந்தைக்கும் தெரியும். இதுகூடக் கப்பலிலிருந்து வந்த பழக்கம்தான் என்றும், மேலே விடுகிற இடம் கண்ணுக்குத் தெரியாத எமன் கொடிக்கு என்றும் அப்பா சொல்வார்.

எனக்குப் பிடிக்காத கொடி ஒன்று உண்டு. நீலத்தில் நடுவே வெள்ளைச் சதுரம் போட்டது. எல்லாரும் ஏறிவிடுங்கள், கப்பல் புறப்படப் போகிறது என்று அதற்கு அர்த்தம். லீவு முடிந்து கிளம்புகிற அன்று விடியற்காலை அப்பா அதை ஏற்றுவார். தவளக்குப்பம் பஸ்ஸில் அவர் போன பிறகு அம்மா அதை இறக்கி மடிப்பாள்.

நான் மூன்றாம் வகுப்பு படித்தபோது பள்ளிக்கூட ஆண்டுவிழா நாடகத்தில் எனக்கு வேடம் கிடைத்தது. மரம். வசனம் கிடையாது, அசையக் கூடாது, வேடன் வந்து சாய்ந்துகொள்வான். ஆனாலும் மரம் மரம்தானே. நான் பிறந்தபோதும் எனக்குக் காது குத்தியபோதும் கடலில் இருந்த அப்பா, இந்த மரத்தையாவது பார்த்துவிட வேண்டும் என்று எனக்கு வெறியாக இருந்தது. விழா வெள்ளிக்கிழமை. அவர் கிளம்புவதோ வியாழக்கிழமை. எதற்கும் இரண்டு நாள் முன்னாலேயே, கப்பல் ஏறுகிற பம்பாய்க்குப் போய் உட்கார்ந்துகொள்கிற ஜாதி அவர். கேட்டுப் பார்த்தேன். "அடுத்த வருசம் பாத்துக்கலாண்டா கண்ணு" என்றார். அடுத்த வருஷம் மரம் கிடைக்கும் என்று என்ன நிச்சயம்?

நீலக் கொடி ஏறாவிட்டால் கப்பல் கிளம்பாது என்று நான் முழுசாக நம்பினேன். புதன்கிழமை சாயங்காலம் மாடிக்குப் போய், பக்கெட்டைக் கவிழ்த்து அதன்மேல் ஏறி, கை எட்டிய உயரத்தில் கயிற்றில் ஒரு முடிச்சுப் போட்டேன். எனக்குத் தெரிந்தது சடைக்கு ரிப்பன் கட்டுகிற பூ முடிச்சு ஒன்றுதான். அதையே இரண்டு தரம் போட்டேன்.

மறுநாள் விடியற்காலை அப்பா கயிற்றை இழுக்க, முடிச்சு கப்பியில் போய் மாட்டிக்கொள்ள, கொடி பாதிக் கம்பத்தில் நின்றுவிட்டது. கீழே வந்தவர், "சிக்கிக்கிச்சு, மேலயும் போவல, கீழயும் வரல" என்று சொல்லிவிட்டு இட்லி சாப்பிட உட்கார்ந்தார்.

கரும்பு ஏற்றப் போன டிராக்டர்காரர் அதைப் பார்த்து டீக்கடையில் சொல்லியிருக்கிறார். எங்கள் வீட்டில் போகிற வயசில் இருந்தவர் தாத்தா ஒருவர்தான். அப்பா மூன்றாவது இட்லியைப் பிட்டபோது முதல் மாலை வந்தது. பின்னாலேயே இன்னும் நாலு மாலையும், மேளத்துக்குச் சொல்லிவிட்டதாகத் தகவலும் வந்தன. கூடத்தில் உட்கார்ந்து காப்பியை ஆற்றிக்கொண்டிருந்த தாத்தா நிமிர்ந்து, "யாருக்குப்பா மாலை?" என்றார். வந்தவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். ஒருவர் மட்டும் மெதுவாக, "ஒங்களுக்குத்தான் பெரியவரே" என்றார்.

தாத்தாவுக்குக் கோபமே வரவில்லை. எந்த மாலை யார் வாங்கியது என்று ஒவ்வொன்றாக விசாரித்தார். பங்காளி கொண்டுவந்தது சின்னதாக இருந்ததை மட்டும் மனசில் வைத்துக்கொண்டார். அதற்குள் யாரோ போன் போட்டு, நெட்டப்பாக்கத்தில் கட்டிக்கொடுத்திருந்த அத்தை, தாத்தாவின் மகள், தெருமுனையிலிருந்தே மார்பில் அடித்துக்கொண்டு வந்து, தாத்தாவின் காலில் விழுந்து, விழுந்த பிறகுதான் அந்தக் கால் நகர்வதைப் பார்த்தாள்.

"பொங்கலுக்குக் கூப்ட்டா வர்ல. இதுக்கு மட்டும் இன்னா இவ்ளோ வெரசா வந்துட்ட?" என்றார் தாத்தா.

அத்தை எழுந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு, பெட்டியோடு நின்ற அப்பாவைப் பார்த்தாள். "டேய், சாவு மாலை வாசப்படி ஏறின அன்னிக்கு எவனாவது பயணம் போவானா? பெட்டிய உள்ள வை" என்றாள். சகுனம், ராகுகாலம் என்றாலே சிரிக்கிற அப்பா அன்று சிரிக்கவில்லை. "அக்கா சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்று பெட்டியை உள்ளே வைத்துவிட்டு, இரண்டு நாள் தாமதம் என்று பம்பாய்க்குச் சொல்ல டெலிபோன் பூத்துக்குப் போனார்.

வெள்ளிக்கிழமை முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார். வேடன் பேசினாலும் மான் பேசினாலும் மரத்துக்குத்தான் கை தட்டினார். நான் ஒரு கிளையை ஆட்டி அவருக்கு டாட்டா காட்டினேன். டீச்சரிடம் திட்டு வாங்கினேன். அவ்வளவு சந்தோஷமாகத் திட்டு வாங்கியது அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. சனிக்கிழமை அவர் கொடி ஏற்றாமலே கிளம்பிப் போனார், கப்பலும் கிளம்பிவிட்டது.

இன்று அந்த மூங்கில் இல்லை. அந்த இடத்தில் கறுப்புத் தண்ணீர்த் தொட்டி உட்கார்ந்திருக்கிறது. மஞ்சள் கொடி கிரைண்டருக்கு உறையாகி, கிழிந்து, கரித்துணியாகிப் போயிற்று. நீலக் கொடியை அம்மா என்ன செய்தாள் என்று கேட்டால் ஞாபகமில்லை என்கிறாள். தாத்தா நிஜமாகவே போய்ப் பல வருஷம் ஆகிறது. அன்று அந்தப் பங்காளி பெரிய மாலையாகவே கொண்டுவந்தார். இப்போது எங்கள் பக்கத்திலிருந்து கப்பலுக்குப் போகிற பையன்களுக்கு, எந்த ஊரில் எப்போது ஏற வேண்டும் என்று செல்போனில் வந்துவிடுகிறது. ஒருவன் கிளம்புவது அடுத்த வீட்டுக்குக்கூடத் தெரிவதில்லை.

அப்பா வேலையை விட்டு வீட்டோடு இருக்கிறார். போன மாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, கப்பலில் கொடி பாதியில் சிக்கிக்கொண்டால் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன்.

"இன்னா செய்றது? அந்தப் பக்கத்துக் கயித்த இழுத்தா எறங்கிடும். முடிச்ச அவுத்துட்டு மறுபடி ஏத்த வேண்டியதுதான். ஒரு நிமிசம் ஆவாது."

"அன்னிக்கு ஏம்பா எறக்கல?"

அவர் ரசத்தை இன்னொரு கரண்டி ஊற்றிக்கொண்டார். "ரிப்பன் முடிச்சு போட்ருந்துச்சு" என்றார்.