பாதங்களை வரைந்தவர்

சவப்பெட்டிப் பட்டறைக்கு மேலே இருந்த இரண்டு அறைகளில்தான் சுருதி பிறந்து வளர்ந்தார். அப்பா தச்சர். ஊரில் யார் கண்ணை மூடினாலும் ஆட்கள் அவர் கதவைத்தான் தட்டுவார்கள். அடுக்கி வைத்த பெட்டிகளைத் தாண்டித்தான் மாடிப்படி ஏற வேண்டும். மற்ற பிள்ளைகள் இருட்டினால் பயப்படுவார்கள், இவர் பட்டப்பகலிலேயே பயந்தார். ஏதாவது ஒரு மூடி சற்று விலகியிருந்தால் போதும், கால் நகராது. அந்த இடத்தைக் கடப்பதற்கு அவர் கண்டுபிடித்த வழி, வாயை மூடிக்கொண்டு ஒரே சுரத்தில் முனகுவது. முனகல் அறுபடாத வரை எதுவும் தன்னைத் தொடாது என்று ஒரு நம்பிக்கை. "அம்மா, சுருதிப்பெட்டி வருது!" என்று அண்ணன் மேலேயிருந்து கத்துவான். காலப்போக்கில் பெட்டி உதிர்ந்து சுருதி மட்டும் நின்றுவிட்டது. ஞானஸ்நானத்தில் வைத்த பெயரைச் சொன்னால் அவரே திரும்பிப் பார்க்க மாட்டார்.

பயத்திலிருந்து வந்த அந்த முனகலே அவரைப் பாடகர் குழுவில் கொண்டுபோய்ச் சேர்த்தது. பிறகு ஆர்கன். கட்டைகளில் விரல் வைத்தால் நடுக்கம் நிற்கும் என்பதால் மணிக்கணக்கில் வாசித்தார். வாசித்ததால் நன்றாக வந்தது. பட்டறையில் அவருக்குக் கிடைத்த வேலை, பெட்டி மூடியில் பதிக்கும் தகட்டில் பெயர் எழுதுவது. பெயரோடு ஒரு சிலுவை, சிலுவையைச் சுற்றிக் கொஞ்சம் பூ, அப்படியே இறந்தவரைப் பற்றி இரண்டு வரி. அந்த இரண்டு வரிகள் அழகாக இருக்கின்றன என்று சொல்லி, செத்தவரின் சொந்தக்காரர்கள் அழுதுகொண்டே எழுதி எடுத்துப் போவார்கள். இப்படித்தான் ஒரே மனிதர் பாட்டுக்காரராகவும் கவிஞராகவும் ஓவியராகவும் ஆனார். நாற்பது வயதில் அவர் எழுதி மெட்டமைத்த பாடல்கள் அவர் கால் வைத்தே இராத ஊர்களின் ஆலயங்களில் ஒலித்தன.

ஆனால் பயம் போகவில்லை. நாய், இடி, ஊசி, சீருடை எல்லாவற்றுக்கும் பயம். "எங்க வீட்ல நாங்க மூணு பேர். நான், அவர், அவரோட பயம். அதுக்குத்தான் முதல்ல சோறு போடணும்" என்று தையல்கார மனைவி ஊசியில் நூலைக் கோத்தபடி சொல்வாள். அவரும் சேர்ந்து சிரிப்பார். சிரிக்கும்போதே கண் வாசல்பக்கம் போய் வரும்.

அவருக்கு நாற்பது வயதான அந்த ஆண்டு, பாடகர் குழுவில் அடித்தொண்டையில் பாடும் மெக்கானிக் ஒருவனைத் திருட்டு வண்டி விஷயமாக விசாரிக்க வேண்டும் என்று போலீஸ்காரர்கள் கூட்டிப் போனார்கள். தெருமுனையில் இரு சக்கர வண்டிகளைப் பிரித்துப்போட்டு உட்கார்ந்திருப்பவன். இருபத்தாறு வயது. போனவன் நடந்து திரும்பவில்லை. மாரடைப்பு என்றார்கள்.

அடுத்த நாள் முற்பகலில் ஒரு வேன் பட்டறை வாசலில் நின்றது. வெள்ளைத் துணியில் தலையிலிருந்து கால்வரை சுற்றிய உடல். கூட வந்த இரண்டு பேர், உடனே பெட்டியில் வைத்து ஆணி அடித்துத் தர வேண்டும், வீட்டார் யாருக்கும் திறந்து காட்டக் கூடாது என்றார்கள். அப்பா காலமாகிப் பட்டறை அண்ணன் கைக்கு வந்திருந்த நேரம் அது. சுருதி தகடு எழுதிக்கொண்டிருந்தார்.

"தம்பி, கால்பக்கம் பிடி" என்றார் அண்ணன்.

பிடித்தார். தூக்கும்போது துணி விலகியது. இரண்டு பாதங்களும் அவர் முகத்துக்கு நேராக வந்தன. உள்ளங்கால்கள் கறுத்து வீங்கி, குறுக்கே கோடு கோடாகத் தடித்திருந்தன. ஒரு கோட்டின் மேல் இன்னொரு கோடு. மாரடைப்பு உள்ளங்காலில் வருமா? தொண்டைவரை வந்த முனகலை அவர் விழுங்கிக்கொண்டார். கூட வந்தவர்களில் ஒருவன் புகைத்தபடி வாசலைப் பார்த்து நின்றான். மற்றவன் இவரைப் பார்த்தான். சுருதி துணியை இழுத்து மூடினார்.

வேன் போன பிறகு அண்ணன் இழைப்புளியைத் துடைத்துக்கொண்டே, தலையைத் தூக்காமல் சொன்னார்: "நான் தலைப்பக்கம் இருந்தேன். எனக்கு ஒண்ணும் தெரியாது. உனக்கும் தெரியாது. சரியா?"

"சரிண்ணே."

அடக்க ஆராதனையில் அவர்தான் ஆர்கன் வாசித்தார். மெக்கானிக்கின் அம்மா மூடிய பெட்டியின் மேல் கன்னத்தை வைத்து, "ஒரு தடவை, ஒரே ஒரு தடவை முகத்தைக் காட்டுங்க" என்று கெஞ்சினாள். கூட்டத்தின் ஓரத்தில் தெரியாத முகங்கள் நான்கைந்து நின்றன. யாரும் பெட்டியைத் திறக்கவில்லை. சுருதி தலையைக் குனிந்து வாசித்துக்கொண்டே இருந்தார்.

சில மாதங்கள் கழித்து ஆலயத்தின் பீடச் சுவரில் ஒரு பெரிய படம் வரையும் வேலையைச் சபை அவரிடம் கொடுத்தது. சிலுவையிலிருந்து இறக்கிய இயேசுவைக் கல் மேல் கிடத்தியிருக்கும் காட்சி. தலை தூரத்தில், பாதங்கள் பார்ப்பவரை நோக்கி. சாரத்தின் மேல் நின்று வரைந்தபோது அவர் மனம் வெறுமையாகத்தான் இருந்தது. கை மட்டும் ஓடியது. இறங்கி, பின்னால் நகர்ந்து நின்று பார்த்தார். ஆணித் துளைகள் இருந்தன. அவற்றோடு, உள்ளங்காலின் குறுக்கே அந்தக் கோடுகளும் இருந்தன.

அழிக்க வேண்டும் என்றுதான் துணியை நனைத்தார். கை வரவில்லை. யார் காலைப் பார்க்கப் போகிறார்கள், எல்லாரும் முகத்தைத்தானே பார்ப்பார்கள் என்று தன்னைத் தேற்றிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை திரையை விலக்கினார்கள். சபை எழுந்து நின்று பாடியது. இரண்டாவது சரணத்தில், முன்வரிசையிலிருந்து மெக்கானிக்கின் அம்மா மெல்ல நடந்து பீடத்தை நெருங்கினாள். சுவரில் கையை வைத்தாள். பிறகு அவள் போட்ட சத்தத்தில் பாட்டு நின்றுவிட்டது.

"இது என் பிள்ளை காலு! இடது காலைப் பாருங்க. சுண்டுவிரல் பக்கத்து விரல் மேல ஏறியிருக்கு. எனக்கும் அப்படித்தான், அவனுக்கும் அப்படித்தான்!" அங்கேயே செருப்பைக் கழற்றி எல்லாருக்கும் காட்டினாள்.

விரல் ஏறியிருந்ததைத் தாம் கவனித்ததே சுருதிக்கு நினைவில்லை. கண் பார்த்து வைத்திருக்கிறது, கை வரைந்திருக்கிறது.

செய்தி ஊர் முழுக்கப் போயிற்று. ஆலயத்துக்கே வராதவர்கள்கூடப் படத்தைப் பார்க்க வந்தார்கள். அதே வாரம், மடிப்புக் கலையாத சட்டை போட்ட ஒருவர் வீட்டுக்கு வந்து, கேட்காமலே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"படம் பிரமாதம். அதெல்லாம் கற்பனைதானே?"

"கற்பனைதான் சார்."

"அதைத்தான் நானும் சொன்னேன். கவிஞர் ஆச்சே! யாராவது கேட்டா இதையே சொல்லுங்க." போகும்போது தையல் மெஷின்மேல் கிடந்த கத்தரிக்கோலை எடுத்துக் கூர் பார்த்துவிட்டு, பத்திரமாக அதே இடத்தில் வைத்தார்.

மறுநாளிலிருந்து வீட்டுக்கு எதிர்ப்பக்கம் ஒரு மோட்டார் சைக்கிள் நிற்கத் தொடங்கியது. சில சமயம் ஆள் இருப்பான், சில சமயம் வண்டி மட்டும். ஆள் இல்லாதபோதுதான் பயம் அதிகம். எங்கே போனான்? கொல்லைப்பக்கமா? போன் அடிக்கும், எடுத்தால் மூச்சு மட்டும் கேட்கும். மனைவி நகைச்சுவையை நிறுத்திவிட்டாள். சுருதிக்கு அதுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய பயமாக இருந்தது.

பிறகு ஒருநாள் அண்ணன் மூச்சிரைக்க வந்தார். பட்டறைக்கு ஒருவன் வந்தானாம். பெட்டி ஒன்று வேண்டும் என்று அளவு சொன்னானாம். ஐந்தடி ஆறங்குலம். தோள் ஒடுக்கம். இடது தோள் வலதைவிடக் கொஞ்சம் இறக்கம். பெயரைப் பிறகு சொல்கிறோம், தகட்டை மட்டும் காலியாக விடு என்றானாம்.

சுருதியின் கை தானாகத் தன் இடது தோளைத் தொட்டது. வருடக்கணக்காக ஆர்கன் முன்னால் ஒரு பக்கம் சாய்ந்து உட்கார்ந்ததில் இறங்கிய தோள் அது.

"நீங்க என்னண்ணே சொன்னீங்க?"

"உயிரோட இருக்கிறவங்களுக்கு நாங்க செய்றதில்லன்னு சொல்லி அனுப்பிட்டேன்." சொல்லும்போதே அண்ணனின் உதடு கோணியது. "டேய், அந்தக் காலை மூடிடுடா. ஒரு துணி மாதிரி வரைஞ்சு மூடிடு. உன் காலைப் பிடிச்சுக் கேட்கிறேன்."

சபை மூப்பர்களும் அதையே கேட்டார்கள். அவர்கள் கெட்டவர்கள் அல்ல, பிள்ளைகுட்டிக்காரர்கள். போதகர் மட்டும் ஜன்னலைப் பார்த்தபடி இருந்தார். சுருதி தலையாட்டிவிட்டார். உண்மையில் அவருக்கு அப்போது அப்பாடா என்றிருந்தது.

வெள்ளைச் சாயத்தைக் குழைத்து எடுத்துக்கொண்டு அவர் ஆலயத்துக்குப் போனது பிற்பகல். உள்ளே ஒரே ஒரு ஆள். மெக்கானிக்கின் அம்மா தினமும் வந்து அந்த இடத்தில்தான் உட்கார்ந்திருக்கிறாள் என்று காவலாளி சொன்னது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. அவள் சாயக் கிண்ணத்தைப் பார்த்தாள். புரிந்துகொண்டாள்.

"மூடப் போறீங்களா தம்பி?"

அவர் கிண்ணத்தைக் கீழே வைத்தார்.

"மூடிக்கோங்க. உங்களுக்கும் குடும்பம் இருக்கு. நான் குத்தம் சொல்லல." கொஞ்சம் நகர்ந்து அவருக்கு இடம் விட்டாள். "ஒண்ணே ஒண்ணு மட்டும் சொல்லிட்டு மூடுங்க. அவனை எனக்குக் காட்டவே இல்ல. நீங்க பார்த்திருக்கீங்க. விரலைப் பார்த்தே தெரிஞ்சுக்கிட்டேன். அந்தக் கோடெல்லாம்... படத்துக்காக நீங்களா போட்டதா? இல்ல, இருந்துச்சா?"

வெளியே ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்ற சத்தம் கேட்டது. சுருதி வாசலைத் திரும்பிப் பார்த்தார். 'நானாகப் போட்டது' என்று சொன்னால் அந்தத் தாய் இன்றிரவு தூங்கக்கூடும். அவரும் தூங்கலாம். ஒரே பொய்யில் இரண்டு பேருக்கு நிம்மதி. நாக்கு அதற்குத் தயாராகத்தான் இருந்தது. ஆனால் அவள் அவருடைய வாயைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பெட்டிமேல் கன்னத்தை வைத்துக் கெஞ்சிய அதே முகம்.

"இருந்துச்சும்மா" என்றார்.

அவள் அழவில்லை. "ம்" என்றாள். அவ்வளவுதான். அவர் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு திரும்பி நடந்தார். வாசலில் நின்ற வண்டி பால்காரனுடையது என்று தெரிந்த பிறகும் அவர் நடையைத் தளர்த்தவில்லை.

அதன்பின் அவள் சும்மா இருக்கவில்லை. ஒரு வழக்கறிஞரைப் பிடித்தாள், மனுமேல் மனு போட்டாள். கடைசியில் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் தலைமையில் விசாரணை வைத்தார்கள். சுருதியைச் சாட்சியாகக் கூப்பிட்டார்கள். அன்று காலை அவர் குளியலறையில் வாந்தி எடுத்தார். மனைவி முகம் துடைத்துவிட்டு, "போக வேணாம்னா போக வேணாம். நான் யார்கிட்டயும் எதுவும் சொல்ல மாட்டேன்" என்றாள். அவர் சட்டையை மாட்டிக்கொண்டார். பொத்தானை அவள்தான் போட்டுவிட வேண்டியிருந்தது.

கூடம் நிறைந்திருந்தது. பட்டறைக்கு வேனில் வந்த இருவரும் மூன்றாவது வரிசையில் இருந்தார்கள். போலீஸ் தரப்பு வழக்கறிஞர் புன்னகையோடு எழுந்தார்.

"நீங்க பாட்டு எழுதுறவர். படம் வரையறவர். இல்லாததை இருக்கிற மாதிரி காட்டுறதுதானே உங்க தொழில்?"

சுருதி வாயைத் திறந்தார். குரல் வரவில்லை. கூடத்தில் யாரோ சிரித்தார்கள். அவர் கண்ணை மூடினார். மூடிய உதடுகளுக்குள்ளிருந்து மெல்ல ஒரு முனகல் எழுந்தது. நீதிபதி நெற்றியைச் சுருக்கினார், ஆனால் தடுக்கவில்லை. முனகல் கொஞ்சம் கொஞ்சமாகப் பேச்சானது.

"நான் பயந்தாங்கொள்ளிங்க ஐயா. ஊருக்கே தெரியும். இந்த மாதிரி ஒண்ணைக் கற்பனை பண்ணி, இவங்க முன்னாடி வந்து நின்னு சொல்ற அளவுக்கு எனக்குத் தைரியம் கிடையாது. பார்த்ததைத்தான் சொல்றேன். இதைச் சொல்றதுக்கே உயிர் போகுது."

யாரும் சிரிக்கவில்லை. பின்வரிசையிலிருந்து ஒரு நாற்காலி கிரீச்சிட்டது. அண்ணன் எழுந்து நின்றிருந்தார். தலைப்பக்கம் தானும் சிலவற்றைப் பார்த்ததாகச் சொன்னார்.

உடலைத் தோண்டி எடுத்தார்கள். பாதங்களின் சிறு எலும்புகள் பல இடங்களில் உடைந்திருந்ததாக மருத்துவர்கள் எழுதினார்கள். போலீஸ்காரர்களில் ஒருவர் சிறைக்குப் போனார். இரண்டு பேரை வேறு ஊருக்கு மாற்றினார்கள். பெட்டிக்கு அளவு சொன்னவன் யாரென்று கடைசிவரை தெரியவில்லை.

அந்தத் தெரியாமைதான் சுருதியோடு வாழ்நாள் முழுக்க இருந்தது. ஆர்கனுக்கு மேல் ஒரு கண்ணாடியைப் பொருத்திக்கொண்டார். போதகரின் சைகையைப் பார்ப்பதற்கு என்று பாடகர்கள் நினைத்தார்கள். அதில் தெரிந்தது வாசல் கதவு. கடைகளில் சுவரோரமாகத்தான் உட்காருவார். மோட்டார் சைக்கிள் எதுவும் வேகம் குறைந்தால் பேச்சு பாதியில் நின்றுவிடும்.

அந்த ஆண்டுகளில் எழுதிய பாடல்களில் ஒன்று, "பயப்படாதே என்று சொல்ல வேண்டாம், பக்கத்தில் இரும் போதும்" என்று தொடங்கும். புதிதாக வந்த போதகர் முகம் சுளித்தார். "வேதத்துல எத்தனை இடத்துல 'பயப்படாதே'ன்னு இருக்கு! நீங்க 'சொல்ல வேண்டாம்'ங்கறீங்களே?"

"அவர் சொல்லட்டும் பாஸ்டர். பயப்படுறவனும் பதிலுக்கு ஒண்ணு கேட்கலாம் இல்லையா?"

பாடலைச் சேர்த்துக்கொண்டார்கள். அறுவைச் சிகிச்சைக்குப் போகும் முன் ஆட்கள் அதை முணுமுணுப்பதாக ஒரு செவிலி ஒருமுறை அவரிடம் வந்து சொன்னாள்.

எழுபத்தோராம் வயதில், நுரையீரலில் சளி கட்டி, மருத்துவமனைப் படுக்கையில் காலமானார். அடக்க ஆராதனைக்கு மெக்கானிக்கின் அம்மாவைச் சக்கர நாற்காலியில் கூட்டி வந்திருந்தார்கள். போதகர் பிரசங்கத்தில், "நம் சகோதரர் அச்சம் என்பதை அறியாதவர், சிங்கத்தின் நெஞ்சு படைத்தவர்" என்று தொடங்கினார்.

முன்வரிசையிலிருந்து தையல்கார மனைவி எழுந்தாள்.

"மன்னிக்கணும் பாஸ்டர். அப்படியெல்லாம் இல்ல. அவர் ரொம்பப் பயந்தார். தினமும் பயந்தார். கிட்ட இருந்து பார்த்தவ நான். அதை மாத்திச் சொல்லாதீங்க."

போதகர் தடுமாறி, காகிதத்தை மடித்துப் பையில் வைத்தார். மெக்கானிக்கின் அம்மா நாற்காலியை உருட்டச் சொல்லித் தையல்காரிக்குப் பக்கத்தில் வந்து, அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.