பூஜையில் வைத்த சொனாட்டா

கச்சேரிக்கு முதல் நாள் காலை எழுந்து வந்து பார்த்தால் பியானோவின் மேல் பட்டுத் துண்டு விரித்திருந்தது. மூடியில் சந்தனம், குங்குமம், மேலே ஒரு முழம் மல்லிகை. நான் வாசிக்க வேண்டிய சொனாட்டாவின் நோட்ஸ் புத்தகத்தைக் காணோம். தேடினால் அது சாமி அறையில், சரஸ்வதி படத்துக்கு முன்னால், என் கார் சாவியோடு ஒரே தட்டில் உட்கார்ந்திருந்தது.

“அம்மா! நாளைக்குக் கச்சேரி!”

“தெரியும் லா. இன்னிக்கு சரஸ்வதி பூஜை. நாளைக்குக் காலைல எடுத்துக்கோ.”

எங்கள் வீட்டில் இது புதிதல்ல. பத்து பாகாட் ஊரில் துணி ஆலையில் வேலை பார்த்த அப்பா, மூடப்போன ஒரு பாலர் பள்ளியிலிருந்து பழைய பியானோ ஒன்றை வாங்கி வந்த வருடத்திலிருந்தே இந்தச் சட்டம் உண்டு. சரஸ்வதி பூஜையன்று புத்தகத்தைத் திறக்கக்கூடாது, வாத்தியத்தைத் தொடக்கூடாது. மறுநாள் விஜயதசமி காலையில் சூடம் காட்டிய பிறகுதான் எல்லாம். ஒரு வருடம் அம்மாவுக்குப் பக்தி முற்றிப்போய், பியானோவின் ஒவ்வொரு கட்டைக்கும் சந்தனப் பொட்டு வைத்துவிட்டார். அது இடுக்குகளில் இறங்கிக் காய்ந்து கட்டைகள் எழும்ப மறுத்துவிட்டன. சுருதி சேர்க்க வந்த சீனக்காரர் உள்ளே எட்டிப் பார்த்து “அலமாக்” என்று தலையில் கைவைத்துக்கொண்டார். அதற்குப் பிறகு பொட்டு மூடிக்கு மட்டும் என்று பேசி முடித்தோம். சின்ன வயதில் எனக்கு அந்த நாள் கொண்டாட்டம்; வாசி வாசி என்று யாரும் உயிரை எடுக்கமாட்டார்கள்.

இப்போது நிலைமை வேறு. முந்தைய ஆண்டு சிங்கப்பூரில் இதே சொனாட்டாவை வாசிக்கும்போது நடுவில் நின்றுபோனேன்.

தனியாகப் பியானோ கச்சேரி செய்கிற நாங்கள் பெரும்பாலும் புத்தகத்தைப் பார்க்காமல்தான் வாசிப்போம். சொனாட்டா என்றால் பல பகுதிகள் கொண்ட நீளமான உருப்படி; இதன் இரண்டாம் பகுதியில் ஒரு மெட்டு வரும். கொஞ்சம் கழித்து அதே மெட்டு திரும்பவும் வரும். முதல் தடவை ஒரு பக்கம் திரும்ப வேண்டும், இரண்டாம் தடவை வேறு பக்கம். நெடுஞ்சாலையில் யோங் பெங்கில் இறங்க வேண்டியவர் இறங்காமல் போய்விட்டால் பாகோ வரை போய்த்தான் திரும்ப வேண்டும் இல்லையா, அந்தக் கதைதான். சிங்கப்பூரில் நான் இரண்டாம் தடவையும் முதல் வழியிலேயே திரும்பினேன். மெட்டு மறுபடி வந்தது. மறுபடியும் அதே வழி. சுற்றிச் சுற்றி வந்தேன், வெளியே போகும் பாதை மட்டும் தலையில் இல்லை. கடைசியில் கைகளை மடியில் வைத்துவிட்டேன். அரங்கு முழுக்க அமைதி. அப்படி ஓர் அவமானம் என் எதிரிக்கும் வேண்டாம்.

இன்னொரு முறை நின்றால் மேடையை விட்டுவிடுவது என்று அன்றே முடிவு செய்தேன். அம்மாவிடமும் சொல்லியிருந்தேன். இப்போது நாங்கள் இருக்கும் ஸ்கூடாயில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்தே காலத்தை ஓட்டலாம். ஜொகூர் பாருவில் மறுநாள் மதியம் நடக்கவிருந்த கச்சேரிதான் எனக்கு நானே வைத்துக்கொண்ட கடைசிப் பரீட்சை. அதற்கு முதல் நாள் பார்த்து என் பியானோ பூஜையில் இருக்கிறது!

கத்தினேன். நன்றாகவே கத்தினேன். பக்கத்து வீட்டு நாய்கூடக் குரைத்தது. அம்மா அசையவில்லை. “ஒரு நாள்தானே? ஓடியா போயிடும்?” என்று சொல்லிவிட்டுக் கடலையை அடுப்பில் ஏற்றினார்.

ஸ்கூடாயில் பியானோவுக்கா பஞ்சம், எந்த மாணவி வீட்டுக்கும் போயிருக்கலாம். கைப்பேசியில் தேடினால் நோட்ஸ் நொடியில் வந்துவிடும். சாமியாவது பூதமாவது என்று பேசுகிற வாய் என்னுடையது. ஆனால் மேடைக்கு முதல் நாள் எந்தச் சாமியையும் பகைத்துக்கொள்ள எனக்குத் தைரியம் கிடையாது. உண்மையைச் சொன்னால், பயந்துபோய்த்தான் வீட்டில் உட்கார்ந்தேன்.

செய்வதற்கு ஒரு வேலையும் இல்லை. விரல் பத்திரம் என்று அம்மா என்னைத் தேங்காய்கூடத் துருவ விடமாட்டார். சோபாவில் கண்ணை மூடிக்கொண்டு சொனாட்டாவை மனசுக்குள் வாசிக்கத் தொடங்கினேன். விரல்கள் தொடையில் தாமாகத் தாளம் போட்டன. எரிச்சலில் இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து அமுக்கிக்கொண்டேன். அவ்வளவுதான், நாலு வரியில் இருட்டு. அப்போதுதான் உறைத்தது: இத்தனை வருடமாக அந்தச் சொனாட்டா என் விரல்களுக்குத்தான் தெரியும். எனக்குத் தெரியாது. விரல் தடுக்கினால் என்னிடம் கேட்க ஒன்றுமே இல்லை.

முதலிலிருந்து மறுபடி ஆரம்பித்தேன், கையில்லாமல். இடக்கை எந்தச் சுரத்தில் நிற்கிறது, ஏன் அங்கே நிற்கிறது, அடுத்து எங்கே போக ஆசைப்படுகிறது என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக் கேட்டுப் போனேன். சுண்டல் வந்தது, சாப்பிட்டேன். மழை பெய்து ஓய்ந்தது. மெட்டு வழி பிரியும் அந்தச் சந்திப்பு மட்டும் நினைவுக்கு வரவேயில்லை. கடைசியில் முடிவிலிருந்து பின்னோக்கி வந்து, நடுவில் இருந்த ஓட்டையை இப்படித்தான் இருக்க வேண்டும் என்று நானே யோசித்து அடைத்தேன். பொழுது சாயும்போது முழுச் சொனாட்டாவும் தலைக்குள் ஓடியது.

காலையில் சூடம் காட்டி முடித்ததும் புத்தகத்தைப் பிடுங்காத குறையாக வாங்கி அந்தப் பக்கத்தைப் புரட்டினேன். தப்பு. நான் அடைத்த இடத்தில் இடக்கை மேலே ஏறியது. புத்தகத்தில் கீழே இறங்கியது. பட்டுத் துண்டை எடுத்து வீசிவிட்டு, கிளம்பும்வரை சரியானதையே அடித்துப் பழகினேன். இப்போது மண்டைக்குள் இரண்டு வழி. பாழாய்ப் போச்சு என்றுதான் கார் ஏறினேன்.

மேடையில் அந்த மெட்டு இரண்டாம் தடவை வந்தது. விரல்கள் தயங்கின, நான் தயங்கவில்லை. இடக்கை மேலே ஏறியது. தப்பான வழி, நான் கட்டிய வழி. ஆனால் அது போய்ச் சேர வேண்டிய இடத்துக்குப் போய்ச் சேர்ந்தது. கடைசிவரை வாசித்து முடித்தேன்.

திரும்பும்போது ஸ்கூடாய் சாலையில் வழக்கமான நெரிசல். அம்மா பக்கத்து இருக்கையில் கைப்பையைக் கட்டிக்கொண்டு இருந்தார்.

“அந்த எடம் வர்றப்ப நான் மூச்சே விடல,” என்றார்.

“எந்த எடம்?”

“மாசக்கணக்கா வீட்டுல அதையேதானே தட்டிக்கிட்டு இருந்த. எனக்குத் தெரியாதா?”

“தப்பா வாசிச்சேன்மா. புத்தகத்துல அப்படி இல்ல.”

“அதெல்லாம் நான் கண்டேனா? நீ நிக்கல. அது தெரியும்.”

சிரிப்பு வந்தது. “எல்லாம் உங்க சரஸ்வதி புண்ணியம். ஒரு நாள் முழுக்க என்னைக் கட்டிப்போட்டு வச்சீங்களே, பாவம்னுகூடத் தோணலையா?”

அம்மா சிரிக்கவில்லை. கண்ணாடிக்கு வெளியே பார்த்துக்கொண்டே சொன்னார்.

“உனக்குக் காய்ச்சல்னா கஞ்சி வைப்பேன். பசின்னா சோறு போடுவேன். நீ மேடை ஏறிட்டா நான் என்ன செய்ய முடியும், சொல்லு? அன்னிக்கு சிங்கப்பூர்ல நீ முழிச்சிக்கிட்டு உக்காந்திருக்க. அடுத்து என்னன்னு எடுத்துக் கொடுக்கக்கூட எனக்குத் தெரியல. பெத்தவ நான், சும்மா பார்த்துக்கிட்டு இருக்கேன். அதான், தெரிஞ்சவகிட்ட கொண்டுபோய் வச்சேன்.”

அந்த அரங்கில் நான் மட்டும்தான் நின்றுபோனேன் என்று இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். முன்னால் வண்டிகள் நகர்ந்துவிட்டன, பின்னால் ஹார்ன் அடித்தார்கள். கண்ணைத் துடைத்துக்கொண்டு கியரைப் போட்டேன்.

“மேடைய விடமாட்டேம்மா,” என்றேன்.