இடிக்குப் பயந்த அப்பா

என் அப்பா பயந்து நான் பார்த்தது இடி ஒன்றுக்குத்தான். வீட்டுக்குள் சாரைப்பாம்பு வந்தால் வாலைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு போய் ஓடையில் விட்டுவிட்டு வருவார். கைப்பிடிச் சுவர் இல்லாத எங்கள் கிணற்று விளிம்பில் காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்து பீடி பிடிப்பார். ஆனால் மேற்கே வானம் கொஞ்சம் கறுத்துவிட்டால், செய்கிற வேலையை அப்படியே போட்டுவிட்டு வீட்டுக்கு ஓடிவருவார். கதவு, ஜன்னல் எல்லாவற்றையும் சாத்தச் சொல்லி, கட்டிலில் காலைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்.

யாரும் அதைக் கேலி செய்ததில்லை. நான் பள்ளியில் படிக்கும்போது சித்தப்பா பருத்திக்காட்டில் இடி விழுந்து செத்துப்போனார். மழைக்கு வேப்பமரத்தடியில் ஒதுங்கியவர். அப்பா கூப்பிடு தூரத்தில்தான் இருந்தார். தம்பியின் உடம்பை அவர்தான் முதலில் தொட்டார். அதற்குப் பிறகு வெகுநாள் யார் பேசியதும் தன் காதில் விழவில்லை என்று சொன்னார்.

பந்தல்குடியைத் தாண்டி, தூத்துக்குடி ரோட்டை ஒட்டி எங்கள் ஊர். ரோட்டை நாலுவழியாக அகலப்படுத்தியபோது வீடு இந்தப் பக்கமும் நாங்கள் பயிர் செய்யும் காடு அந்தப் பக்கமுமாகப் போய்விட்டது. முறைப்படி காட்டுக்குப் போக வேண்டுமென்றால் தெற்கே நெடுந்தூரம் நடந்து, பாலத்துக்கு அடியில் நுழைந்து, மறுபடி அவ்வளவு தூரம் திரும்பி வர வேண்டும். யாரும் அப்படிப் போகவில்லை. ரோட்டின் நடுவில் வளர்ந்திருக்கும் அரளிச் செடிகளை மிதித்து ஊர்க்காரர்கள் ஒரு வழி உண்டாக்கிவிட்டார்கள். அப்பாவும் மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு அந்த வழியாகத்தான் போவார்.

நான் அருப்புக்கோட்டையில் ஒரு ஜவுளிக்கடையில் வேலை பார்க்கிறேன். தினமும் பஸ்ஸில் போய்வருகிறவள். அந்த ரோட்டில் வண்டிகள் வருகிற வேகம் எனக்குத் தெரியும். "பாலத்தடியிலேயே போங்கப்பா" என்று எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன்.

"லாரிக்குக் கண்ணு இருக்கு தாயி. ஆரன் அடிப்பான், பிரேக்கு போடுவான். இடி என்ன சொல்லிட்டா வருது?" என்பார்.



அது ஐப்பசிக் கடைசி. எனக்கு அன்று விடுமுறை. மத்தியானம் கொடியிலிருந்து துணி எடுத்துக்கொண்டிருந்தபோது காற்று நின்று போய், மேற்கே திட்டாகக் கறுத்தது. அப்பா களையெடுக்கப் போயிருந்தார். அவர் ஓடிவருவார் என்று தெரிந்து, துணிகளை வீட்டுக்குள் எறிந்துவிட்டு ரோட்டுக்கு ஓடினேன்.

நான் போய்ச் சேர்ந்தபோது அப்பா எதிர்க்கரையில் நின்றிருந்தார். தலையில் உரச் சாக்கைக் கவிழ்த்திருந்தார். என்னைப் பார்த்ததும் வேகமாகக் கையை ஆட்டினார். வீட்டுக்குப் போ என்கிறார் என்று புரிந்தது. வெட்டவெளியில் நான் நிற்பது அவருக்குப் பொறுக்கவில்லை. நான் இரண்டு கைகளையும் நீட்டி, "நில்லுங்கப்பா, அங்கயே நில்லுங்க" என்று கத்தினேன். நடுவில் லாரிகள் போய்க்கொண்டிருந்தன. நான் சொன்னது அவருக்குக் கேட்கவில்லை. அவர் சொன்னதும் எனக்குக் கேட்கவில்லை.

பாதி ரோட்டை நன்றாகத்தான் கடந்தார். அரளிச் செடிகளுக்கு நடுவில் வந்து நின்றும்விட்டார். அப்போதுதான் பளிச்சென்று மின்னல் வெட்டி, தலைக்கு மேலேயே இடி இடித்தது. அப்பா சாக்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, குனிந்தபடி, எந்தப் பக்கமும் பார்க்காமல் ஓடிவந்தார். வடக்கேயிருந்து வந்த வேன் என் கண்ணில் பட்டது. கத்துவதற்கு வாயைத் திறந்தேன். அதற்குள் வேன் அவரை அடித்துத் தள்ளிவிட்டது.

வேன்காரர் பிரேக் போட்டதால்தான் உயிர் தப்பியது. அவர் இறங்கி வந்து, அதே வேனில் எங்களை ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு விரட்டினார். அப்பாவின் தலை என் மடியில் இருந்தது. வலியில் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தவர் பாதி வழியில் கண்ணைத் திறந்து, "இடி விட்டுருச்சா தாயி?" என்று கேட்டார்.

இடுப்பெலும்பு முறிந்திருந்தது. மதுரைக்குக் கொண்டுபோய் ஆபரேஷன் செய்தோம். இப்போது வாக்கரைப் பிடித்துக்கொண்டு கக்கூஸ் வரைக்கும் போய்வருகிறார். அவ்வளவுதான்.

அன்றைய மழையில் எங்கள் காட்டுக்கு இரண்டு காடு தள்ளி ஒரு பனைமரம் இடி விழுந்து கருகிப்போனதாம். ஆஸ்பத்திரிக்குப் பார்க்க வந்த பெரியப்பா அதைச் சொன்னார். அப்பாவின் முகம் தெளிந்ததை நான் பார்த்தேன்.

"பாத்தியா? அங்கனயே நின்னிருந்தேன்னா என் தம்பி கூடப் போயிருப்பேன். இடுப்போட போச்சு."

"மகராசன், தப்பிச்ச" என்று பெரியப்பாவும் சொன்னார். வந்தவர்கள் எல்லோரும் அதையே சொன்னார்கள். பனை நின்றது இரண்டு காடு தள்ளி, உங்களை அடித்தது வேன் என்று சொல்ல நினைத்தேன். படுக்கையில் கிடக்கிறவருக்கு இருக்கிற ஒரே ஆறுதலை எப்படிப் பிடுங்குவது? ஆரஞ்சுப் பழத்தை உரித்துக்கொண்டிருந்தேன்.

இப்போது காட்டு வேலை அம்மாவிடம் வந்துவிட்டது. அதே அரளிச் செடி வழியாகத்தான் போகிறாள். அழுதும் பார்த்துவிட்டேன், சண்டை போட்டும் பார்த்துவிட்டேன்.

"உங்கப்பா இடிக்குப் பயந்து கண்ணு மண்ணு தெரியாம ஓடுனாக. நான் என்ன ஓடவா செய்யிறேன்? நின்னு ரெண்டு பக்கமும் பாத்துத்தான போறேன்" என்கிறாள்.

இன்று காலையிலும் தூக்குவாளியோடு கிளம்பினாள். நான் வாசலில் நின்றேன். உள்ளே கட்டிலிலிருந்து அப்பா கேட்டார்.

"வானம் எப்பிடி இருக்கு தாயி?"

"வெறிச்சுக் கெடக்குப்பா."

"அப்ப ஒண்ணும் பயமில்ல. போகட்டும்."

அம்மா ரோட்டோரம் போய் நின்றிருந்தாள். வடக்கேயிருந்து மூன்று டேங்கர் லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டிருந்தன. அவள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டாள்.