முப்பது எண்ணுவதற்குள்

மலாயா சுதந்திரம் அடைந்த 1957-ஆம் ஆண்டு, மலாக்காவில் காஜா பெராங் பக்கத்துத் திடல் ஒன்றில் நடந்தது இது. அப்போது எனக்கு இருபத்தொன்பது வயது. ஜாலான் துக்காங் எமாஸ் என்ற தெருவில் கோயிலுக்கும் பள்ளிவாசலுக்கும் நடுவே ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தேன். ஆனால் ஊரில் என்னைத் தெரிந்தது மைக் செட்டால்தான். கல்யாணமோ, திருவிழாவோ, தேர்தல் கூட்டமோ, நாலு குழாய் ஸ்பீக்கர்களோடு போய் நின்றுவிடுவேன். இந்தச் சம்பவத்தை நான் யாரிடமும் முழுதாகச் சொன்னதில்லை. என் மனைவிக்கே பாதிதான் தெரியும்.

எங்கள் தொழிலில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு. ஸ்பீக்கரைச் சும்மா விடக்கூடாது. நாதஸ்வரக்காரர் மூச்சு வாங்க நிறுத்தினால் அந்த நொடியே கிராமபோன் பிளேட்டைப் போட்டுவிட வேண்டும். சுபகாரியத்தில் சத்தம் அடங்கினால், யாராவது ஒரு பெரியவர் அப்போது பார்த்துத் தும்மித் தொலைப்பார். பிறகு அந்தத் தம்பதிக்கு எது நடந்தாலும் மைக் செட்டுக்காரன் தலைதான் உருளும். அதனால் என் வலது கை எப்போதும் சுவிட்ச் மேலேயே இருக்கும். இந்தப் பக்கம் திருப்பினால் மைக், அந்தப் பக்கம் திருப்பினால் பிளேட். ‘இவன் செட் வைத்தால் இடைவெளியே இருக்காது’ என்று ஊரில் பேசிக்கொள்வார்கள். எனக்கு அதில் தலைகால் தெரியாத பெருமை.

டிரம்பெட் வாசிக்கும் ஒருவர், பல தலைமுறைக்கு முன்பே வந்து குடியேறிய மலாக்காச் செட்டிகள் வாழும் கம்போங் செட்டியில் இருந்தார். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர். திருநீறு, கோயில், பொங்கல் எல்லாம் நம்மைப் போலத்தான். வீட்டில் பேசுவது மட்டும் மலாய். அவர் என்னைத் தம்பி என்பார், நான் அவரை அபாங் என்று அண்ணன் முறை வைத்துக் கூப்பிடுவேன். எங்கள் பேச்சு எல்லாமே மலாயில்தான் நடக்கும். இங்கே தமிழில் எழுதுகிறேன்.

ஜப்பான்காரன் சண்டைக்கு முன்பு போலீஸ் பேண்டில் ஊதியவர். சண்டை முடிந்த பிறகு சிங்கப்பூர் நடன விடுதிகளில் ஏழெட்டு வருடம் ஜாஸ் வாசித்தார். அம்மா இறந்தபோது ஊருக்கு வந்தவர் அப்படியே தங்கிவிட்டார். வந்தவர் சும்மா இருந்தாரா? யாரும் கேட்டிராத விதமாக ஊத ஆரம்பித்தார். டிரம்பெட் வாயைக் கொட்டாங்கச்சியால் மூடி மூடித் திறப்பார். சில நேரம் சுரமே இல்லாமல் வெறும் காற்றை மட்டும் ஊதுவார். ‘தகர டின்னுக்குள்ளே பூனை மாட்டிக்கொண்டது’ என்று நாங்கள் கேலி செய்வோம். அவரும் கூடச் சேர்ந்து சிரிப்பார்.

அதைவிடப் பெரிய கூத்து அவருடைய ஞாயிற்றுக்கிழமை வகுப்பு. ஒரு தபால்காரர், ஒரு முடிதிருத்துபவர், ஒரு டாக்சி டிரைவர், ஆஸ்பத்திரி நர்ஸ் ஒருவர் என்று எட்டுப் பேர் வருவார்கள். யாருக்கும் அதற்கு முன் சங்கீத நோட்டுப் படிக்கத் தெரியாது. எல்லோருக்கும் முறையாகக் கற்றுக்கொடுத்தார். கற்றுக்கொடுத்துவிட்டு, “இப்ப காகிதத்தை மூடி வைங்க. இந்த வாரம் நீங்க கேட்டதை வாசிங்க” என்பார். தபால்காரர் தன்னைத் துரத்திய நாய்களை எல்லாம் வாசிப்பாராம்.

அவருடைய அப்பாவுக்கு இது சுத்தமாகப் பிடிக்கவில்லை. கோயில் காரியங்களில் முன்னால் நிற்கும் மனிதர், கறாரானவர். ‘இது ஒரு வேலையா?’ என்பதுதான் அவருடைய ஒரே கேள்வி. அந்த நேரத்தில்தான் சுதந்திரக் கொண்டாட்டக் குழுவிலிருந்து ஒரு வாய்ப்பு வந்தது. திடலில் இந்த எட்டுப் பேரையும் வைத்து வாசிக்கட்டும், நன்றாக இருந்தால் பொது மண்டபத்தின் மாடி அறையை வகுப்புக்குக் கொடுத்து அவரையே சங்கீத ஆசிரியராக நியமிக்கிறோம் என்றார்கள். அப்பாவும் இறங்கி வந்தார். பெரிய மனிதர்கள் ஒப்புக்கொண்டால் நானும் இதை வேலை என்று ஒப்புக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார்.

நிகழ்ச்சிக்கு இரண்டு நாள் முன்பு டிரம்பெட்காரர் என் கடைக்கு வந்தார். நான் ஒரு ரேடியோவைப் பிரித்துப் போட்டு ஈயம் வைத்துக்கொண்டிருந்தேன்.

“தம்பி, பாட்டு நடுவுல நாங்க எல்லாரும் நிறுத்திடுவோம். நான் மனசுக்குள்ள முப்பது எண்ணுவேன். அதுவரைக்கும் சத்தமே இருக்காது. நீ ஒண்ணையும் தொடாதே.”

“அவ்வளவு நேரமா? எதுக்கு அபாங்?”

“கொடி ஏத்தின அன்னிக்கு எங்கப்பா ஒண்ணு சொன்னாரு. கொடி மேல போய்ச் சேர்ந்ததும் ஒரு நிமிஷம் யாரும் கைதட்டல, ஊரே மூச்சு விட்டது கேட்டுச்சுன்னு. அதைத்தான் பாட்டுல வச்சிருக்கேன். அவரு முன்வரிசையில உட்காருவாரு. அவருக்குப் புரியும்.”

“சரி சரி, தொட மாட்டேன்” என்றேன். கவனிக்காமல் சொல்லவில்லை. நன்றாகக் கேட்டு, புரிந்துகொண்டுதான் சொன்னேன்.

அன்று சாயங்காலம் நாலு மணிக்குத் திடல் நிரம்பிவிட்டது. மேடைக்குப் பக்கவாட்டில் மேசை போட்டு என் பெட்டியோடு உட்கார்ந்திருந்தேன். டிரம்பெட்காரரும் எட்டுப் பேரும் வெள்ளைச் சட்டையில் ஏறினார்கள். முதலில் கூட்டம் சிரித்தது. நர்ஸ் கிளாரினெட்டைத் தூக்கியதும் சில பேர் சீட்டி அடித்தார்கள். பிறகு அந்தச் சிரிப்பு மெல்ல அடங்கியது. கொட்டாங்கச்சியை வைத்து டிரம்பெட்காரர் ஒரு இடம் வாசித்தார். தூரத்தில் யாரோ யாரையோ பெயர் சொல்லிக் கூப்பிடுவது மாதிரி இருந்தது. எனக்கு உடம்பு சிலிர்த்தது. ஆமாம், எனக்குப் பிடித்திருந்தது. இதையும் இங்கே எழுதத்தான் வேண்டும்.

அப்புறம் நிறுத்தினார்கள்.

நான் எண்ண ஆரம்பித்தேன். ஐந்து, ஆறு. முன்வரிசையில் அவருடைய அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். கயிற்றில் கட்டிய காகிதக் கொடிகள் படபடத்தன. பத்து. பின்னாலிருந்து ஒருவன், “ஹோய், மைக் செட்டு! தூங்கிட்டியா?” என்று கத்தினான். நாலு பேர் சிரித்தார்கள். குழுத் தலைவர் நாற்காலியில் திரும்பி என்னைப் பார்த்தார். பார்த்துவிட்டு, என்ன என்பது போலக் கையை விரித்தார். பதினைந்து.  அடுத்த வாரம் தலைவர் வீட்டுக் கல்யாணத்துக்கு என் செட்தான். ‘இன்னும் பதினைந்துதான், பொறு’ என்று மனசு சொன்னது. சொல்லிக்கொண்டிருக்கும்போதே கை சுவிட்சைத் திருப்பிவிட்டது.

நாலு குழாயிலும் சினிமாப் பாட்டு ஒன்று அலறியது. கூட்டம் கைதட்டி ஆர்ப்பரித்தது. பிள்ளைகள் ஆட ஆரம்பித்தார்கள். மேடையில் டிரம்பெட்காரர், எண்ணி முடிக்கும்வரை எட்டுப் பேரையும் நிறுத்திவைக்கக் கையை உயர்த்திப் பிடித்திருந்தார். அந்தக் கை மெதுவாகக் கீழே இறங்கியது. எட்டுப் பேரும் ஒருவர் பின் ஒருவராக மேடையை விட்டு இறங்கினார்கள். தபால்காரர் மட்டும் நின்று என் கையையும் சுவிட்சையும் பார்த்துவிட்டுப் போனார். தலைவர் மேடையேறி மைக்கைப் பிடித்து நன்றியுரை ஆற்றினார்.

இது வரைக்கும் நடந்ததைப் பயம் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ளலாம். அடுத்து நடந்ததற்கு அந்தச் சாக்கும் கிடையாது.

தலைவர் கீழே இறங்கி நேராக என்னிடம் வந்தார். “நல்ல வேளை லா தம்பி, நீங்க பிளேட்டைப் போட்டீங்க. இல்லன்னா மானமே போயிருக்கும். அந்த ஆளுக்கு என்னா ஆச்சு? பாதியில அப்படியே நின்னுட்டாரே?”

அவர் நிற்கவில்லை, அதுவும் பாட்டுத்தான் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால், ‘தெரிந்தா கெடுத்தாய்?’ என்று கேட்பாரே. இப்போதுதான் தோளில் தட்டிப் பாராட்டியிருக்கிறார். அதைத் திருப்பிக் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை.

“கொஞ்சம் போட்டுட்டு வந்திருப்பாரு போல இருக்குங்க” என்றேன்.

சொன்னதோடு நில்லாமல், கட்டை விரலை வாய்ப் பக்கம் சாய்த்துக் குடிப்பது போல் காட்டினேன். தலைவர் தலையை ஆட்டிக்கொண்டு முன்வரிசைப் பக்கம் போனார். டிரம்பெட்காரருடைய அப்பாவின் தோளில் கை வைத்துக் குனிந்து ஏதோ பேசினார். அப்பா எழுந்து, மகனுக்காகக் காத்திருக்காமல் வெளியேறினார். நான் ஒயரைச் சுருட்டிக்கொண்டே அதைப் பார்த்தேன். ஓடிப்போய்ச் சொல்ல இருபது அடிகூட இல்லை. நான் ஒயரையே சுருட்டிக்கொண்டிருந்தேன்.

உண்மையில் அந்த மனிதர் மதுவைத் தொட்டதே இல்லை. நடன விடுதிகளில் அத்தனை வருடம் இருந்தும் தொடாதவர். குடித்தால் உதடு மரத்துவிடும், ஊத வராது என்பார்.

மறுநாள் காலையில் கடைக்கு வந்தார். முகத்தில் கோபம் எதுவும் தெரியவில்லை.

“தம்பி, நேத்து மைக் கெட்டுப் போச்சா?”

“ஆமா அபாங். லைன் போயிடுச்சு. அதான் பிளேட்டைப் போட வேண்டியதாப் போச்சு.”

மேசை மேல் இருந்த மைக்கை எடுத்துப் பார்த்துவிட்டு வைத்தார். பிறகு, “தாக் அப்பா” என்றார். மலாயில் பரவாயில்லை என்று அர்த்தம். சொல்லிவிட்டுச் சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டார். அப்பாடா, தப்பித்தோம் என்று மூச்சு விட்டேன். அவ்வளவு மட்டமான மனிதனாக அன்றைக்கு இருந்திருக்கிறேன்.

மாடி அறை கிடைக்கவில்லை. வேலையும் கிடைக்கவில்லை. குடிகாரனை நம்பி வகுப்பைக் கொடுக்க முடியாது என்று குழுவில் முடிவு செய்துவிட்டார்களாம். அடுத்து வந்த பொங்கல் முடிந்ததும் அவர் மறுபடி சிங்கப்பூருக்கே போய்விட்டார். ஞாயிற்றுக்கிழமை வகுப்பு கலைந்தது. தபால்காரர் அதன் பிறகு என்னோடு பேசவில்லை. கடிதங்களைக் கையில் கொடுக்காமல் கதவுக்கு அடியில் தள்ளிவிட்டுப் போவார்.

எட்டு வருடம் கழித்து, ரேடியோ வால்வு வாங்க சிங்கப்பூருக்குப் போயிருந்தேன். கடைக்காரர் ஒருவர் பேச்சுவாக்கில், உங்கள் மலாக்கா ஆள் ஒருவர் இங்கே டிரம்பெட் கற்றுக்கொடுக்கிறார், பெரிய பெரிய வாத்தியக்காரர்கள்கூட அவரிடம் போய் உட்கார்ந்து கேட்கிறார்கள் என்றார். விலாசம் வாங்கிக்கொண்டு போனேன். இந்தத் தடவை சொல்லிவிடுவது என்று உறுதியாக இருந்தேன்.

ஒரு கடையின் மாடியில் வகுப்பு நடந்துகொண்டிருந்தது. பதினைந்து பேருக்குக் குறையாது. என்னைப் பார்த்ததும் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டார். கீழே காப்பிக் கடைக்குக் கூட்டிப்போய் டீ வாங்கிக் கொடுத்தார். நான் தட்டுத் தடுமாறி, “அபாங், அன்னிக்கு மைக் கெட்டுப் போகல. நான்தான்…” என்று ஆரம்பித்தேன்.

அவர் சிரித்துவிட்டார். “தெரியும். நீ பிளேட் போட்ட பிறகு அந்தத் தலைவர் அதே மைக்ல நின்னுதானே நன்றி சொன்னாரு? விடு. நீ பயந்துட்டே. அந்தப் பாட்டை அப்புறம் எத்தனையோ தடவை வாசிச்சாச்சு.”

எனக்கு நெஞ்சிலிருந்து ஒரு மூட்டை இறங்கியது. அடுத்ததையும் சொல்லிவிட வாயைத் திறந்தேன். அதற்குள் அவரே பேசினார்.

“ஒண்ணுதான் தம்பி எனக்கு இன்னும் தெரியல. அன்னிக்கு எவனோ நான் குடிச்சிருந்தேன்னு சொல்லியிருக்கான். அது எங்கப்பா காதுக்குப் போயிடுச்சு. பொங்கலுக்கு முதல் நாள் எங்க வீட்டுல பார்ச்சு வைப்போம்ல, செத்தவங்களுக்குப் படையல்? எங்கம்மாவுக்கு வச்ச இலை முன்னால என்னை உட்கார விடல. குடிகாரன் இங்க உட்காரக் கூடாதுன்னுட்டாரு. அதுக்கப்புறம் என்னோட பேசவே இல்ல. போன வருஷம் போயிட்டாரு. சாகுற வரைக்கும் நம்பல. உனக்கு ஊர்ல எல்லாரையும் தெரியுமே. யார் சொன்னது? கேள்விப்பட்டியா?”

டீக் கிளாஸ் கையில் சுட்டது. “இல்ல அபாங், கேள்விப்படல” என்றேன்.

பஸ் நிலையம் வரைக்கும் கூடவே வந்து என்னை வழியனுப்பினார். பஸ் கிளம்பும்போது, ஏதாவது தெரியவந்தால் எழுது தம்பி, சண்டை போட இல்லை, தெரிந்துகொண்டால் போதும் என்றார். வீட்டுக்கு வந்து மூன்று தடவை கடிதம் எழுதினேன். மூன்றையும் கிழித்தேன். அடுத்தடுத்த வருடங்களில் அவர் அங்கே நிறையப் பேரை உருவாக்கினார் என்று கேள்விப்பட்டேன். போன வருடம் அவரும் காலமாகிவிட்டார். இறுதிச் சடங்குக்குப் போக எனக்குத் தைரியம் வரவில்லை.

நான் சுவிட்சைத் திருப்பியதை அவர் மன்னித்துவிட்டார். ஆனால் தன் அப்பா தன்னை வெறுத்துக்கொண்டே சாகும்படி அந்தப் பொய்யைச் சொன்னது யார் என்று சாகும்வரை தேடிய அந்த மனிதருக்கு, அதைச் சொன்னவன்தான் எதிரில் உட்கார்ந்து தான் வாங்கிக் கொடுத்த டீயைக் குடித்துக்கொண்டிருந்தான் என்று தெரியாமலே போய்விட்டது. இதை நினைக்கும் ஒவ்வொரு தடவையும் எனக்கு என் முகத்தையே கண்ணாடியில் பார்க்கக் கூசுகிறது.